வாசகர் கேள்விகள்: அம்மாவுக்கு அடையாளம் தெரிந்தது

போன இதழில் ஒரு வாசகர், "உங்களுக்கு மிகவும் பிடித்த பத்திரிகைப் படம் எது?" என்று கேட்டிருந்தார். இரண்டாம் உலகப் போரில், 1945 பிப்ரவரி 23 அன்று, ஜப்பானின் இவோ ஜிமா தீவிலுள்ள சூரிபாச்சி மலை உச்சியில் ஆறு அமெரிக்க வீரர்கள் கொடிக்கம்பத்தை நிமிர்த்தும் படம் என்று இரண்டே வரியில் பதில் சொல்லியிருந்தேன். அதையொட்டிக் கடிதங்கள் குவிந்துவிட்டன. ஆகவே இந்த முறை முழுக்க அந்தப் படமும் அதற்கான நினைவுச் சின்னங்களும்தான்.

கே: அந்தப் படம் ஏற்பாடு செய்து எடுத்தது என்று படித்திருக்கிறேன். வாழ்நாளெல்லாம் பத்திரிகைப் புகைப்படக்காரராக வேலை பார்த்த நீங்கள் அதைப் போய்ப் பிடித்த படம் என்று சொல்லலாமா? (கல்லூரி மாணவர்)

ப: தம்பி, ஏற்பாடு செய்த படமாக இருந்தால் நிச்சயம் சொல்லியிருக்க மாட்டேன். நடந்ததைச் சொல்கிறேன்.

அன்று மலை உச்சியில் இரண்டு கொடிகள் ஏறின. காலை பத்தரை மணிவாக்கில் முதல் கொடி ஏறிவிட்டது. அது சின்னக் கொடி. 54 அங்குல நீளம், 28 அங்குல அகலம். மரைன் படையின் (கடல்வழி வந்து இறங்கிச் சண்டை போடும் அமெரிக்கப் படை) பத்திரிகைக்காக லூயிஸ் லோவரி அதைப் படம் எடுத்தார். கீழே கடற்கரையிலும் கப்பல்களிலும் இருந்தவர்கள் அதைப் பார்த்து ஆரவாரம் செய்தார்கள். அந்தக் கொடி தன் பட்டாலியனுக்கே சொந்தம், வேறு யாரும் எடுத்துப் போகக் கூடாது என்று அதை ஏற்றிய படைப்பிரிவின் தளபதி நினைத்தார். அதைப் பத்திரமாக இறக்கிக்கொண்டு, ஒரு கப்பலில் வாங்கிய பெரிய கொடியை மேலே அனுப்பினார். 96 அங்குலம், 56 அங்குலம். நாம் பார்க்கும் படம் இந்த இரண்டாவது கொடி ஏறியபோது எடுத்தது.

அசோசியேட்டட் பிரஸ் நிறுவனத்தின் ஜோ ரோசெந்தால் அப்போதுதான் மலை ஏறிக்கொண்டிருந்தார். பார்வைக் குறைபாடு என்று ராணுவம் சேர்த்துக்கொள்ளாத மனிதர் அவர். வழியில் லோவரி இறங்கி வந்தார். குண்டுக்குத் தப்பிக் குதித்ததில் அவருடைய கேமரா உடைந்திருந்தது. "கொடி ஏற்றியாகிவிட்டது, ஆனால் மேலிருந்து பார்க்கக் காட்சி நன்றாக இருக்கிறது" என்று சொல்லிவிட்டுப் போனார். திரும்பிப் போகாமல் ரோசெந்தால் மேலே ஏறினார். அவர் குள்ளம். கல்லையும் மணல் மூட்டையையும் அடுக்கி அதன் மேல் ஏறி நின்றார். ஷட்டர் வேகம் ஒரு வினாடியில் நானூறில் ஒரு பங்கு. திடீரென்று கம்பம் எழுந்தது. கண்ணாடி வழியாகப் பார்த்துக் குறி வைக்க நேரமில்லை. கேமராவைத் திருப்பி அழுத்திவிட்டார், அவ்வளவுதான். கிடைத்ததா இல்லையா என்று அவருக்கே தெரியாது. பிலிம் குவாம் தீவுக்குப் போய்க் கழுவப்பட்டது.

அந்த நிமிடத்தை அனுபவித்தவன் என்பதால் சொல்கிறேன். பிலிம் காலத்தில் பட்டனை அழுத்திய பிறகு வரும் நேரம்தான் பெரிய வேதனை. கிடைத்துவிட்டது என்று மனம் சொல்லும், கை நம்பாது. கழுவி எடுத்து ஈரம் சொட்டும் நெகட்டிவை வெளிச்சத்தில் தூக்கிப் பிடிக்கும்வரை சோறு இறங்காது. ரோசெந்தால் அப்படித் தூக்கிப் பார்க்கவே இல்லை. உலகமே பார்த்து முடித்த பிறகுதான் அவர் பார்த்தார்.

அதனால்தான் ஒரு பாதுகாப்புக்காக, கொடி ஏறியபின் வீரர்கள் எல்லாரையும் அதன் கீழே நிறுத்தி, கை உயர்த்திக் கூவச் சொல்லி ஒரு குழுப்படமும் எடுத்தார். பல நாள் கழித்துக் குவாமுக்கு வந்தபோது ஒருவர், "அந்தப் படத்துக்கு அவர்களை நிற்க வைத்தீர்களா?" என்று கேட்டார். குழுப்படத்தைத்தான் கேட்கிறார் என்று நினைத்து ரோசெந்தால் "ஆமாம்" என்றார். அந்த ஒரு 'ஆமாம்' 2006இல் தமது 94ஆவது வயதில் அவர் கண்மூடும்வரை துரத்தியது. அவருக்குப் பக்கத்தில் நின்றவர் எடுத்த சலனப்படம் இருக்கிறது. கம்பம் தரையிலிருந்து எழுவதிலிருந்து நிற்பதுவரை அதில் ஓடுகிறது. யாரும் யாரையும் நிறுத்தி வைக்கவில்லை.

கே: கொடிக்கம்பத்தை எங்கிருந்து கொண்டுவந்தார்கள்? (பள்ளி மாணவி)

ப: கொண்டுவரவில்லை அம்மா, அங்கேயே கிடைத்தது. ஜப்பானியர்கள் மழைநீர் சேமிக்கப் போட்டிருந்த இரும்புக் குழாய். அந்தத் தீவில் ஆறு இல்லை, குடிக்கிற மாதிரி ஊற்றும் இல்லை. எரிமலைத் தீவு, தோண்டினால் கந்தக வாடையும் சூடும்தான். மழையை நம்பித்தான் ஆயிரக்கணக்கான பேர் உயிர் வாழ்ந்தார்கள். கொடியைச் சுமந்தது அவர்களுடைய தண்ணீர்க் குழாய். இதை மனதில் வைத்துக்கொள், கீழே ஒரு பதிலில் மறுபடி வரும்.

கே: என் அப்பா வைத்திருந்த பழைய புத்தகத்தில் ஆறு பேரின் பெயர்கள் ஒரு விதமாக இருக்கின்றன. இப்போது தேடினால் வேறு விதமாக வருகின்றன. எது சரி? (ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியை)

ப: டீச்சர், உங்கள் அப்பாவின் புத்தகத்தைக் குறை சொல்ல முடியாது. மரைன் படையே 74 வருடம் தப்பாகத்தான் சொல்லிக்கொண்டிருந்தது.

படத்தை எடுத்துப் பாருங்கள். ஒரு முகம்கூடத் தெளிவாகத் தெரியாது. முதுகுகள், ஹெல்மெட்டுகள், கைகள். எல்லாருக்கும் ஒரே மாதிரி சீருடை. ரோசெந்தால் பெயர்களைக் குறித்துக்கொள்ளவில்லை. அந்தச் சமயத்தில் அது பெரிய சம்பவமாக யாருக்கும் தோன்றவும் இல்லை. படம் பிப்ரவரி 25 ஞாயிற்றுக்கிழமை அமெரிக்கப் பத்திரிகைகளின் முதல் பக்கத்தில் வந்தபின்தான் "யார் இவர்கள், உடனே அனுப்புங்கள்" என்று வாஷிங்டனிலிருந்து உத்தரவு போனது. அதற்குள் சண்டையில் பாதிப் பேர் செத்துப்போயிருந்தார்கள். அவசரத்தில் சொன்ன ஆறு பெயர்கள்: மைக்கேல் ஸ்ட்ராங்க், பிராங்க்ளின் சவுஸ்லி, ஐரா ஹேஸ், ரெனே கானியோன், கடற்படை மருத்துவ உதவியாளர் ஜான் பிராட்லி, ஹென்றி ஹேன்சன். முதல் மூன்றுதான் சரி.

டெக்சஸ் மாநிலத்தில் வெஸ்லகோ என்ற ஊரில் பெல் பிளாக் என்ற அம்மா அந்த ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகையைப் பார்த்தார். கம்பத்தின் அடிப்பக்கம் குனிந்து, முதுகைக் காட்டிக்கொண்டு ஒருவன் இருக்கிறான் இல்லையா? "இது நம் ஹார்லன்" என்றார். வீட்டில் யாரும் நம்பவில்லை. முகமே தெரியாத படத்தில் மகனை எப்படிக் கண்டுபிடிப்பது? குழந்தையில் எத்தனை தடவை துணி மாற்றியிருப்பேன், எனக்குத் தெரியாதா அந்தப் பின்புறம் என்பதுதான் அந்த அம்மாவின் பதில். அப்போது ஹார்லன் உயிரோடுதான் இருந்தார். மார்ச் 1ஆம் தேதி இறந்தார். அதே நாளில் ஸ்ட்ராங்க்கும் இறந்தார். அந்த இடத்தில் இருந்ததாக அரசு அறிவித்த ஹேன்சன் இறந்ததும் அதே நாள்தான்.

உண்மை தெரிந்த ஒருவர் உயிரோடு இருந்தார், ஐரா ஹேஸ். அரிசோனாவின் கிலா நதிப் பகுதியைச் சேர்ந்த பீமா பழங்குடி இளைஞர். படத்தின் இடது கோடியில், கம்பத்தை எட்டாமல் நீளும் கைகள் அவருடையவை. கம்பத்தின் அடியில் இருப்பவர் ஹேன்சன் இல்லை, ஹார்லன் பிளாக் என்று அவர் அதிகாரியிடம் சொன்னார். பெயர்கள் வெளியே போய்விட்டன, இருவருமே இறந்துவிட்டார்கள், பேசாமல் இரு என்று பதில் வந்தது. பிறகு போர் நிதிக் கடன் பத்திரம் விற்க அவரையும் கானியோனையும் பிராட்லியையும் ஊர் ஊராக அழைத்துப் போனார்கள். 1,400 கோடி டாலர் இலக்கு. 2,600 கோடி டாலருக்கு மேல் திரண்டது. மேடைகளில் 'வீரர்' என்று கைதட்டினார்கள். ஹேஸுக்கு அது தாங்கவில்லை.

1946இல் ஒருநாள் அவர் வீட்டிலிருந்து கிளம்பினார். வழியில் போகிற வண்டிகளைக் கை காட்டி நிறுத்தி, இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு மேல் போய், டெக்சஸில் ஹார்லனின் அப்பாவைத் தேடிப் பிடித்தார். "படத்தில் இருப்பது உங்கள் மகன்தான்" என்று சொன்னார். வந்த வேலை முடிந்ததும் திரும்பிப் போய்விட்டார். அந்த அம்மா தங்கள் தொகுதி நாடாளுமன்ற உறுப்பினருக்கு எழுத, விசாரணை நடந்து, 1947 ஜனவரியில் ஹேன்சன் பெயர் நீங்கி ஹார்லன் பிளாக் பெயர் ஏறியது. இரண்டு வருடமாக ஒரு தாய் தனியாகச் சொல்லிக்கொண்டிருந்தது அப்போதுதான் அரசாங்கத்தின் காதில் விழுந்தது. ஹேஸ் 1955 ஜனவரியில், 32 வயதில் இறந்தார். வாஷிங்டன் அருகே ஆர்லிங்டன் ராணுவக் கல்லறையில் அடக்கம்.

மீதி இரண்டு தவறுகள் நம் காலத்தில்தான் திருத்தப்பட்டன. அமெரிக்காவில் ஒருவரும் அயர்லாந்தில் ஒருவருமாக இரண்டு ஆர்வலர்கள், அன்று மலையில் எடுத்த எல்லாப் படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். மற்றப் படங்களில் பிராட்லியின் கால்சட்டை மடித்து விடப்பட்டிருக்கிறது. கொடிப் படத்தில் பிராட்லி என்று சொல்லப்பட்டவருக்கு மடிப்பு இல்லை. வேறொரு வீரரின் ஹெல்மெட்டுக்குள்ளிருந்து அறுந்த வார் ஒன்று தொங்குகிறது. கொடிப் படத்திலும் அதே வார் தொங்குகிறது. அவர் ஹெரால்ட் ஷூல்ட்ஸ். 2016இல் மரைன் படை ஒப்புக்கொண்டது. 2019இல் கானியோன் இருந்த இடம் ஹெரால்ட் கெல்லருடையது என்று தெரிந்தது. சலனப்படத்தில் அவர் விரலில் இருந்த கல்யாண மோதிரமும் காட்டிக்கொடுத்த அடையாளங்களில் ஒன்று.

ஆகவே இன்றைய பட்டியல்: பிளாக், கெல்லர், ஹேஸ், ஷூல்ட்ஸ், சவுஸ்லி, ஸ்ட்ராங்க். அப்பாவின் புத்தகத்தில் அந்தப் பக்கத்தில் ஒரு துண்டுச் சீட்டில் எழுதி வையுங்கள் டீச்சர். பிராட்லியும் ஹேன்சனும் முதல் கொடி ஏற்றியதில் பங்கெடுத்தவர்கள், இரண்டாவது கொடியை மலைமேல் கொண்டுபோனவர் கானியோன் என்பதையும் சேர்த்து எழுதுங்கள். அவர்கள் யாரும் பொய்யர்கள் இல்லை.

கே: ஷூல்ட்ஸும் கெல்லரும் ஏன் வாயே திறக்கவில்லை? (இல்லத்தரசி)

ப: போர் முடிந்தபின் ஷூல்ட்ஸ் லாஸ் ஏஞ்சலிஸில் தபால் துறையில் வேலை பார்த்தார். ஒரே ஒரு தடவை, சாப்பாட்டு மேஜையில் பேச்சோடு பேச்சாக, அந்தக் கொடியை ஏற்றியவர்களில் நானும் ஒருவன் என்று வளர்ப்பு மகளிடம் சொல்லியிருக்கிறார். அப்படியானால் நீங்கள் ஹீரோ என்று அந்தப் பெண் சொல்ல, இல்லை, நான் மரைன், அவ்வளவுதான் என்றாராம். 1995இல் இறந்தார். கெல்லர் 1979இலேயே போய்விட்டார். அவர் வீட்டாருக்கே தெரியாது. எனக்கு இது ஆச்சரியமாக இல்லை. அவர்களோடு மலை ஏறியவர்களில் எத்தனையோ பேர் வீடு திரும்பவே இல்லை. இரும்புக் குழாயைத் தூக்கி நட்டதைப் பெருமையாகச் சொல்ல அவர்களுக்கு நாக்கு வந்திருக்காது.

கே: வாஷிங்டன் பக்கம் போகப்போகிறேன். அந்தப் படத்தை வைத்துச் செய்த சிலையைப் பார்க்க வேண்டும். அதில் 13 கைகள் இருப்பதாகவும், ஒன்று கடவுளின் கை என்றும் சொல்கிறார்களே? (பயணம் கிளம்பும் வாசகர்)

ப: ஆறு பேர், பன்னிரண்டு கைகள். வேண்டுமானால் நின்று எண்ணிப் பாருங்கள், நான் எண்ணினேன்.

ராஸ்லின் மெட்ரோ நிலையத்தில் இறங்கினால் நடந்தே போய்விடலாம். ஒரு பிப்ரவரிக் காலையில் நான் போனேன். தூரத்திலிருந்து பார்க்கும்போது படத்தில் பார்த்த அளவாகத்தான் தெரியும். கிட்டே போகப் போகத்தான் அளவு புரியும். ஒவ்வொரு உருவமும் 32 அடி உயரம். கம்பம் 60 அடி. துப்பாக்கி மட்டும் 16 அடி. இடுப்பில் தொங்கும் தண்ணீர்க் குடுவையில் நிஜமாகத் தண்ணீர் ஊற்றினால் சுமார் 30 லிட்டர் பிடிக்கும். கம்பத்தில் பறப்பது நிஜத் துணிக்கொடி. 1961இல் அதிபர் கென்னடி போட்ட உத்தரவின்படி இரவும் பகலும் பறக்கிறது.

ஒரு யோசனை சொல்கிறேன்: ஒரே இடத்தில் நின்று படம் எடுத்துவிட்டுத் திரும்பிவிடாதீர்கள். மெதுவாக ஒரு சுற்று நடங்கள். நடக்க நடக்கக் கம்பம் மேலெழுவதுபோல் தோன்றும். கறுப்புக் கிரானைட் பீடத்தைச் சுற்றிப் பொன்னிற எழுத்துகளில் 1775 முதல் மரைன் படை போன போர்க்களங்களின் பெயர்கள். "அசாதாரண வீரம் அங்கே சாதாரண குணமாக இருந்தது" என்ற பொருளில் பசிபிக் கடற்படைத் தளபதி அட்மிரல் நிமிட்ஸ் இவோ ஜிமாவைப் பற்றிச் சொன்ன வாசகமும் இருக்கிறது.

சிற்பி ஃபெலிக்ஸ் டி வெல்டன், ஆஸ்திரியாவில் பிறந்தவர். கடற்படையில் இருந்தபோது படத்தைப் பார்த்து உடனே ஒரு சிறு மாதிரி செய்யத் தொடங்கினார். பெரிய சிலையை 1954 நவம்பர் 10 அன்று, மரைன் படையின் 179ஆம் பிறந்தநாளில் திறந்தார்கள். அதிபர் ஐசன்ஹோவர் வந்திருந்தார். செலவு 8,50,000 டாலர், எல்லாம் நன்கொடை. சிற்பியின் பெயர் முதலிலேயே பீடத்தில் இருந்தது. எந்தப் படத்தைப் பார்த்துச் சிலை செய்தார்களோ அதை எடுத்த ரோசெந்தாலின் பெயர் 1982இல்தான் சேர்ந்தது. 28 வருடம்! புகைப்படக்காரன் என்கிற முறையில் இது எனக்கு இன்றும் மனத்தாங்கல்தான்.

கே: பெயர்கள் மாறிவிட்டன சரி. சிலையின் முகங்களை என்ன செய்தார்கள்? மாற்ற வேண்டாமா? (அதே ஆசிரியை, இரண்டாவது கடிதம்)

ப: மாற்றவில்லை. மாற்றவும் வேண்டாம் என்பது என் எண்ணம். பிராட்லி, கானியோன், ஹேஸ் மூவரும் சிற்பியின் முன்னால் உட்கார்ந்து கொடுத்த முகங்கள் அதில் இருக்கின்றன. ஆக, படத்தில் இல்லாத இருவர் வெண்கலத்தில் இருக்கிறார்கள். படத்தில் இருந்த ஷூல்ட்ஸும் கெல்லரும் இல்லை. ஆனால் கவனித்தீர்களா, அந்தப் பீடத்தில் ஆறு பேரின் பெயர்களும் கிடையாது. 1775 முதல் உயிர் கொடுத்த எல்லா மரைன்களுக்கும் என்றுதான் செதுக்கியிருக்கிறார்கள். திருத்த வேண்டிய வரி ஒன்றுகூட அந்தக் கல்லில் இல்லை. அங்கே வருகிறவர்களுக்கு இந்தக் கதையைச் சொன்னால் போதும்.

ஹார்லனைப் பற்றி இன்னொன்று. சிலையின் முழு அளவுப் பிளாஸ்டர் மாதிரியை டி வெல்டன் டெக்சஸில் ஹார்லிங்கன் நகரிலுள்ள மரைன் ராணுவப் பள்ளிக்குக் கொடுத்தார். ஹார்லனின் ஊருக்குப் பக்கம். 1995இல் அவருடைய உடலை அங்கே கொண்டுவந்து சிலையருகே புதைத்தார்கள். முதுகைக் காட்டிக் குனிந்திருக்கும் மகனுக்குப் பக்கத்திலேயே மகனின் கல்லறை. அங்கே நான் இன்னும் போகவில்லை, போக வேண்டும்.

கே: பெர்லினில் ரஷ்யர்கள் ஏற்றிய கொடியும் இதே கதைதானா? (நூலகர்)

ப: இல்லை, அது வேறு. ரைக்ஸ்டாக் என்ற ஜெர்மன் நாடாளுமன்றக் கட்டடத்தில் முதல் கொடி ஏறியது ஏப்ரல் 30 இரவு. படம் எடுக்க யாரும் இல்லை. சோவியத் புகைப்படக்காரர் யெவ்கெனி கால்தேய் மே 2 அன்று, மாஸ்கோவில் மேஜை விரிப்புத் துணியில் தைத்து வாங்கிய கொடியோடு போய், வீரர்களை ஏறச் சொல்லி எடுத்தார். வீரரைத் தாங்கிப் பிடித்த அதிகாரியின் இரண்டு மணிக்கட்டிலும் கடிகாரம் இருந்ததால் ஒன்றைச் சுரண்டி எடுத்தார், புகையையும் கூட்டினார். வலுவான படம்தான், மறுக்கவில்லை. ஆனால் இரண்டையும் ஒரே தட்டில் வைக்க என் மனம் ஒப்பவில்லை.

கே: ஜப்பானியர்கள் பக்கத்தைப் பற்றி யாருமே எழுதுவதில்லையே. அவர்களுக்கு அங்கே நினைவுச் சின்னம் உண்டா? (பெயர் வேண்டாம் என்று எழுதிய வாசகி)

ப: இந்தக் கேள்விக்காக நன்றி. கொடி ஏறியதோடு போர் முடிந்தது என்று நிறையப் பேர் நினைக்கிறார்கள். அது ஐந்தாவது நாள்தான். மார்ச் 26 வரை சண்டை நடந்தது. ஆறு பேரில் சவுஸ்லி இறந்தது மார்ச் 21. சுமார் 21 சதுர கிலோமீட்டர்தான் தீவு. அதில் அமெரிக்கர்கள் சுமார் 6,800 பேர் இறந்தார்கள். தளபதி குரிபயாஷியின் கீழ் சுரங்கம் தோண்டிக் காத்திருந்த ஏறக்குறைய 21,000 ஜப்பானியர்களில் மிகச் சிலரே பிழைத்தார்கள். பத்தாயிரத்துக்கும் அதிகமானவர்களின் எலும்புகள் இன்னமும் மண்ணுக்குள் இருக்கின்றன. அங்கே குடியிருந்த சுமார் ஆயிரம் பேரை 1944இல் வெளியேற்றினார்கள். 1968இல் தீவு ஜப்பானுக்குத் திரும்பிய பிறகும் அவர்களைக் குடியேற விடவில்லை.

சின்னங்கள் உண்டு. 1985இல், நாற்பது வருடம் கழித்து, இரு தரப்பு முன்னாள் வீரர்களும் அந்தக் கடற்கரையில் சந்தித்தார்கள். அங்கே ஒரு கல் நட்டிருக்கிறது. ஆங்கில எழுத்து கடலைப் பார்த்திருக்கிறது, அமெரிக்கர்கள் வந்த திசை. ஜப்பானிய எழுத்து தீவின் உள்பக்கம் பார்த்திருக்கிறது, அவர்கள் காத்திருந்த திசை. அவரவர் இருந்த பக்கத்திலிருந்து வந்து ஒரே கல்லின் முன்னால் நிற்கலாம்.

ஜப்பானியர்கள் அங்கே வந்தால் நினைவுக் கல்லின் மேல் தண்ணீர் ஊற்றுகிறார்கள். பூவைவிட முதலில் தண்ணீர். தாகத்தோடு போனவர்கள் என்று அவர்களுக்குத் தெரியும். 1994இல் அப்போதைய பேரரசர் அகிஹிட்டோவும் பேரரசி மிச்சிகோவும் போனார்கள். அந்தத் தாகத்தை நினைத்து மிச்சிகோ ஒரு சின்னக் கவிதையே எழுதினார். மேலே குழாயைப் பற்றிக் கேட்ட பள்ளி மாணவிக்கும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

கே: பக்கத்தில் நின்று சலனப்படம் எடுத்தவர் யார்? அவர் பெயரைச் சொல்லாமல் விட்டுவிடாதீர்கள். (புகைப்படக்கலை படிக்கும் மாணவி)

ப: எப்படி விடுவேன்? சார்ஜென்ட் பில் ஜெனாஸ்ட். மரைன் படையின் சலனப்படக்காரர், கையில் வண்ணப் பிலிம். ரோசெந்தாலோடு மலை ஏறியவர். கம்பம் எழப்போகும் சமயத்தில் அவருக்குக் கைக்கெட்டும் தூரத்தில் நின்றுகொண்டு, "நான் உனக்கு மறைக்கவில்லையே, ஜோ?" என்று கேட்டார். இல்லை என்று சொல்லத் திரும்பிய ரோசெந்தாலின் ஓரக்கண்ணில் கம்பம் அசைந்தது. "பில், அதோ!" என்றார். இரண்டு கேமராவும் ஒரே நேரத்தில் ஓடின.

ஒன்பது நாள் கழித்து, மார்ச் 4 அன்று, ஒரு குகையைச் சோதிக்க விளக்கோடு உள்ளே போன ஜெனாஸ்ட்டைச் சுட்டுவிட்டார்கள். குகையை மூடிவிட்டார்கள். உடல் இன்றுவரை கிடைக்கவில்லை. 1995இல் சூரிபாச்சி உச்சியில் அவர் பெயரில் ஒரு வெண்கலத் தகடு பதித்தார்கள், அவர் நின்று படம் எடுத்த அதே உச்சியில்.